யூஎஸ்பி விளக்கு மக்கர் செய்கிறதா? அறிகுறியிலிருந்து ஆரம்பிப்போம்

விளக்கு எரியவில்லை என்றதும் கை நேராக விளக்கின் மேல்தான் போகும். தட்டிப் பார்ப்போம், திருகிப் பார்ப்போம், கடைசியில் "போய்விட்டது" என்று ஓரமாக வைத்துவிடுவோம். யூஎஸ்பி விளக்கைப் பொறுத்தவரை இது பெரும்பாலும் தப்பான தீர்ப்பு. அங்கே மூன்று பேர் சேர்ந்து வேலை செய்கிறார்கள்: மின்சாரம் கொடுக்கும் அடாப்டர் அல்லது பவர் பேங்க், அதைக் கொண்டுவரும் கேபிள், எரிய வேண்டிய விளக்கு. இவற்றில் எல்இடிதான் அவ்வளவு சீக்கிரம் சாகாது. அதனால் முதலில் கேபிளைச் சந்தேகப்படுங்கள், அப்புறம் மின்சாரம் தரும் இடத்தை, கடைசியாகத்தான் விளக்கை.

சோதனைக்குக் கையில் இருக்க வேண்டியவை: நன்றாக வேலை செய்கிற ஒரு கைபேசி அடாப்டர், ஒரு முனை பழைய அகலமான டைப்-ஏ ஆகவும் மறுமுனை விளக்குக்குப் பொருந்துவதாகவும் உள்ள ஒரு கேபிள், இரு முனையும் டைப்-சி ஆன இன்னொரு கேபிள். இடையில் செருகி வோல்ட்டும் ஆம்பியரும் காட்டும் சின்ன யூஎஸ்பி மீட்டர் இருந்தால் பாதி வேலை முடிந்த மாதிரி. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். கேபிளையும் அடாப்டரையும் ஒன்றாக மாற்றி விளக்கு எரிந்துவிட்டால் எது கெட்டிருந்தது என்று தெரியாது. கெட்டது மறுபடி மேசை இழுப்பறைக்குள்ளேயே போய்ச் சேரும்.

செருகியும் எரியவே இல்லை

அதே அடாப்டரில் அதே கேபிளில் கைபேசியைச் செருகுங்கள். அதில் சார்ஜ் ஏறினால் இரண்டும் சரி. கேபிளின் நடுவில் ஒரு சின்ன சுவிட்ச் இருக்கிறதா என்று தடவிப் பாருங்கள், பல விளக்குகளில் அது மேசைக்குப் பின்னால் விழுந்து மறைந்திருக்கும். தொடு சுவிட்ச் என்றால் சிலவற்றைத் தட்டினால் போதாது, இரண்டு வினாடி அழுத்திப் பிடிக்க வேண்டும். கணினியிலோ தொலைக்காட்சியிலோ செருகியிருந்தால் அவை உறங்கும்போது யூஎஸ்பி மின்சாரத்தையும் சேர்த்து நிறுத்தியிருக்கலாம்.

இன்னொரு வகை இருக்கிறது. கேபிளே இல்லாமல் நேராகச் செருகும், விரல் அளவே உள்ள தட்டை விளக்குகள். அவற்றுக்கு உலோக உறை கிடையாது. வெறும் பலகையின் ஒரு முனையில் நான்கு தங்க நிறக் கோடுகள்தான் இருக்கும். பல விளக்குகளில் அந்தக் கோடுகள் ஒரு பக்கம் மட்டும்தான். தலைகீழாகவும் அது துளைக்குள் தாராளமாக நுழையும், ஆனால் எரியாது. திருப்பிச் செருகினால் எரிந்துவிடும்.

புது டைப்-சி அடாப்டரில் உயிரே இல்லை, பழைய அடாப்டரில் எரிகிறது

இந்த ஒரு காரணத்துக்காகவே எத்தனையோ நல்ல விளக்குகள் திருப்பி அனுப்பப்படுகின்றன. நானும் ஒன்றை அனுப்ப இருந்தேன். புது மேசை விளக்கு, பின்பக்கம் டைப்-சி துளை. கைபேசிக்கு வந்த அடாப்டரையும் அதன் கேபிளையும் போட்டால் துளி வெளிச்சம் இல்லை, மீட்டரில் வோல்ட் பூஜ்ஜியம். பெட்டியில் திரும்ப வைத்து டேப் ஒட்டப் போகும்போதுதான் உள்ளே கிடந்த முழ நீளக் குட்டை கேபிள் கண்ணில் பட்டது. ஒரு முனை டைப்-ஏ. பழைய அடாப்டர் ஒன்றைத் தேடியெடுத்து அதில் மாட்டினேன், அறை முழுக்க வெளிச்சம்.

காரணம் இதுதான். டைப்-ஏ துளையில் 5 வோல்ட் எப்போதும் காத்திருக்கும். யார் செருகினாலும் கொடுக்கும். டைப்-சி அடாப்டர் அப்படி இல்லை. எதிர்முனையில் உண்மையிலேயே மின்சாரம் வேண்டும் கருவி இருக்கிறதா என்று தெரியும் வரை மின்சாரத்தைத் திறக்காது. அந்த அடையாளத்தைக் கொடுப்பவை துளையின் சிசி முனைகள் (செருகியது என்ன என்று கண்டறியவே வைத்தவை) இரண்டிலும் தனித்தனியாக இருக்க வேண்டிய 5.1 கிலோ ஓம் மின்தடைகள். அரிசி மணியைவிடச் சிறியவை, விலை என்று சொல்லவே ஒன்றும் இல்லாதவை. பழைய மைக்ரோ யூஎஸ்பி வடிவமைப்பில் துளையை மட்டும் டைப்-சி ஆக மாற்றி விற்கும் தயாரிப்பாளர்கள் இவற்றை விட்டுவிடுகிறார்கள். வாங்கியவர் விளக்கு கெட்டுவிட்டது என்று நினைத்துக்கொள்கிறார். இது எனக்கு உண்மையிலேயே கோபம் தரும் விஷயம்.

தீர்வு எளிது. டைப்-ஏ முனையுள்ள கேபிளைப் பயன்படுத்துங்கள், விளக்கு காலத்துக்கும் உழைக்கும். பற்றவைக்கத் தெரிந்தவர் அந்த இரண்டு மின்தடைகளையும் சேர்த்துவிடலாம். டைப்-சி முனையை ஒரு பக்கமாகச் செருகினால் மட்டும் எரிகிறது, திருப்பினால் எரியவில்லை என்றால் இரண்டில் ஒரு மின்தடைதான் இருக்கிறது, அல்லது ஒன்றின் பற்று விட்டிருக்கிறது என்று பொருள். இரண்டு முனைகளுக்கும் சேர்த்து ஒரே மின்தடையை வைப்பது இன்னொரு தவறு. அதில் சாதாரணக் கேபிள் வேலை செய்யும், உள்ளே அடையாளச் சில்லு வைத்த விலை கூடிய கேபிள் வேலை செய்யாது. 2019இல் வந்த ராஸ்பெர்ரி பை 4 கணினியின் முதல் பலகைகளிலேயே இந்தத் தவறு இருந்தது, பிறகு திருத்தினார்கள்.

இதை ஒட்டி வரும் பயம் ஒன்று: ஃபாஸ்ட் சார்ஜரில் போட்டால் விளக்கு கருகிவிடுமா? கருகாது. 9, 15, 20 வோல்ட் எல்லாம் கருவி கேட்டால்தான் வரும். கேட்கத் தெரியாத விளக்குக்குக் கிடைப்பது வெறும் 5 வோல்ட்தான். 3 ஆம்பியர் என்று அடாப்டரில் எழுதியிருந்தாலும் விளக்கு தனக்கு வேண்டியதை மட்டுமே இழுத்துக்கொள்ளும்.

ஆனால் விளக்கில் யூஎஸ்பி துளைக்குப் பதில் வட்டத் துளை இருந்தால் ஜாக்கிரதை. ரவுட்டருக்கு வந்த 12 வோல்ட் அடாப்டரின் முனையும் அதே துளையில் அழகாகப் பொருந்தும். ஒரு பக்கம் யூஎஸ்பி, மறுபக்கம் வட்ட முனை என்று இருக்கும் சில கேபிள்கள் உள்ளுக்குள்ளேயே வோல்ட்டை 9க்கோ 12க்கோ உயர்த்துபவை. முனையில் அச்சிட்டிருப்பதைப் படிக்காமல் மாட்டாதீர்கள். 5 வோல்ட் விளக்கு 12 வோல்ட்டில் ஒரு கணம் பளிச்சென்று எரியும், அத்துடன் சரி.

பவர் பேங்கில் கொஞ்ச நேரம் எரிந்து தானே அணைகிறது

சின்ன இரவு விளக்கு, படிக்கும்போது புத்தகத்தில் மாட்டும் விளக்கு இவற்றில்தான் இது அதிகம். பவர் பேங்க் கைபேசிக்காகச் செய்யப்பட்டது. கைபேசி நிறைந்ததும் அது இழுக்கும் மின்னோட்டம் குறையும். சரி, வேலை முடிந்தது என்று பவர் பேங்க் தன்னை அணைத்துக்கொள்ளும். அரை வாட் விளக்கு இழுப்பது 100 மில்லிஆம்பியர்தான். பல பவர் பேங்குகளுக்கு இது ஒன்றுமே செருகாத மாதிரி.

முதலில் வெளிச்சத்தை முழுசாக ஏற்றிப் பாருங்கள். அணையாமல் நின்றால் காரணம் இதுதான் என்பது உறுதி. சில பவர் பேங்குகளில் குறைந்த மின்னோட்டத்துக்கென்றே தனி நிலை உண்டு. இயர்போன், கைக்கடிகாரம் போன்றவற்றுக்காக வைத்தது. பொத்தானை இருமுறை அழுத்தினாலோ அழுத்திப் பிடித்தாலோ வரும். எது என்று அதன் கையேடு சொல்லும். அது இல்லையென்றால் பக்கத்துத் துளையில் இன்னொரு விளக்கையும் எரியவிடுங்கள். இரண்டும் சேர்ந்து இழுப்பது அந்த வரம்பைத் தாண்டிவிடும். மின்சாரம் போகும் நேரத்துக்கென்று விளக்கு வாங்குகிறவர்கள் இந்தச் சோதனையை முன்கூட்டியே செய்து வையுங்கள். இருட்டில் பொத்தானைத் தேடிக்கொண்டிருக்கும்போது கண்டுபிடிக்க வேண்டிய விஷயம் இல்லை இது.

எத்தனை மணி நேரம் எரியும் என்ற கணக்கையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். பவர் பேங்கில் 10,000 மில்லிஆம்பியர் மணி என்று எழுதியிருப்பது உள்ளே உள்ள 3.7 வோல்ட் பேட்டரிக்கு. அதாவது 37 வாட் மணி. 5 வோல்ட்டாக உயர்த்தும்போது ஒரு பகுதி வெப்பமாகப் போகும், கைக்கு வருவது ஏறக்குறைய 30 முதல் 33 வரை. ஆக 5 வாட் விளக்கு 6 மணி நேரம் எரியும், 1 வாட் விளக்கு ஒரு நாள் தாண்டியும் எரியும்.

வேறு எதையாவது செருகினால் விளக்கு ஒரு கணம் அணைகிறது

பல துளைகள் உள்ள அடாப்டரில் புதிதாக ஒன்று வந்ததும் அது மின்சாரத்தை மறுபடி பங்கு பிரிக்கும். அந்த ஒரு கணம் மற்றவற்றுக்கும் நின்று போகலாம். இது பழுது இல்லை. ஆனால் தொடு சுவிட்ச் விளக்கு பழைய நிலையை நினைவில் வைக்காததாக இருந்தால் அணைந்தது அணைந்ததுதான், மறுபடி தொட வேண்டும். அந்த விளக்குக்குத் தனி அடாப்டர் கொடுத்துவிடுங்கள்.

மங்கலாக எரிகிறது, துடிக்கிறது

வேறு கேபிளில் பிரகாசமாக எரிந்தால் பழைய கேபிள் ஒல்லி. நீளமான, மெல்லிய கேபிள் தரும் இழப்பு சாதாரணமல்ல. மெலிந்த கம்பி உள்ள 2 மீட்டர் கேபிளில் போகவும் வரவும் சேர்த்து 0.85 ஓம் அளவுக்குத் தடை இருக்கும். 1 ஆம்பியர் இழுக்கும் ஒரு எளிய விளக்கை எடுத்துக்கொள்ளுங்கள். வெள்ளை எல்இடிக்கு வேண்டியது 3 வோல்ட், மீதி 2 வோல்ட்டை உள்ளே உள்ள 2 ஓம் மின்தடை எடுத்துக்கொள்கிறது. கேபிளின் 0.85 ஓமும் சேர்ந்தால் ஓடுவது 0.7 ஆம்பியர்தான். வெளிச்சத்தில் கிட்டத்தட்ட 30 சதவீதம் கேபிளுக்கே போய்விட்டது. ஆகவே விளக்குக்குக் குட்டையான, தடித்த கேபிள். தூரம் வேண்டுமென்றால் யூஎஸ்பி கேபிளை நீட்டாமல் சுவர் மின்சாரத்துக்கு நீட்டிப்புப் பலகை வையுங்கள்.

கணினியில் செருகியிருந்தால் அதற்கும் ஓர் எல்லை உண்டு. யூஎஸ்பி 2 துளை அதிகாரப்பூர்வமாகத் தருவது 500 மில்லிஆம்பியர், யூஎஸ்பி 3 துளை 900. 1 ஆம்பியர் விளக்கை அதில் போட்டால் மங்கலாம், துடிக்கலாம், சில கணினிகள் அந்தத் துளையையே மூடிவிடும்.

கேபிளை ஆட்டும்போது துடித்தால் துளைக்குள் பாருங்கள். பையில் கிடந்த கைவிளக்கின் துளையில் துணித் தூசு சேர்ந்து அடியில் பஞ்சு மெத்தை மாதிரி அமுங்கியிருக்கும், முனை முழுசாக உள்ளே போகாது. கேபிளைக் கழற்றி, விளக்கையும் அணைத்துவிட்டு, மரப் பல்குச்சியால் மெல்லக் கிளறி எடுங்கள். ஊசி, குண்டூசி வேண்டாம்.

வளையும் கழுத்துள்ள விளக்கில் தலையை ஒரு கோணத்தில் வைத்தால் எரிந்து, நிமிர்த்தினால் அணைந்தால் கழுத்துக்குள் ஓடும் கம்பி அறுந்து போயிருக்கிறது. அதேபோல மஞ்சள், வெள்ளை என்று நிறம் மாற்றும் விளக்கில் ஒரு நிறம் மட்டும் வரவில்லை என்றால், அந்த நிறத்துக்கான எல்இடி வரிசைக்குத் தனியாகப் போகும் கம்பியைச் சந்தேகப்படலாம். கம்பி மாற்றினால் சரியாகும். விளக்கைத் தூக்கிப் போட வேண்டியதில்லை.

தானாக எரிகிறது, தானாக அணைகிறது, தொட்டால் சுள்ளென்கிறது

தொடு சுவிட்ச் உங்கள் விரலால் ஏற்படும் நுண்ணிய மின்னூட்ட மாற்றத்தைக் கவனித்துக்கொண்டே இருக்கும். அடாப்டர் தரும் மின்சாரம் சுத்தமாக இல்லையென்றால் அந்த இரைச்சலையே விரல் என்று நினைத்துக்கொள்ளும். விளக்கை ஒரு பவர் பேங்கில் செருகிப் பாருங்கள். அங்கே ஒழுங்காக நடந்துகொண்டால் குற்றவாளி அடாப்டர்தான். அதற்கு முன் தொடும் இடத்தை உலர்ந்த துணியால் துடையுங்கள். ஈரமும் எண்ணெய்ப் பிசுக்கும் இதே வேலையைச் செய்யும்.

உலோக விளக்கின் உடலைப் புறங்கையால் வருடும்போது மெல்லிய அதிர்வு மாதிரி, சொரசொரப்பாகத் தோன்றுவதுண்டு. பூமி இணைப்பு இல்லாத இரண்டு முனை அடாப்டர்களில், இரைச்சலை அடக்க வைத்துள்ள சின்ன மின்தேக்கி வழியாக மிக மிகக் குறைந்த மின்சாரம் கசிவதால் வருவது. நல்ல அடாப்டரில் இது ஆபத்தில்லாத அளவு. பூமி முனையுள்ள அடாப்டரோ பவர் பேங்கோ பயன்படுத்தினால் போய்விடும். ஆனால் சுள்ளென்று கடித்தால் பேச்சே வேண்டாம். பெயர் தெரியாத மலிவு அடாப்டர்களில் சுவர் மின்சாரத்தையும் 5 வோல்ட்டையும் பிரிக்கும் தடுப்பு சரியாக இருக்காது. அந்தத் தடுப்பு உடைந்தால் விளக்கின் உடலில் இருப்பது வீட்டு மின்சாரம். சுவர் சுவிட்சை அணைத்துவிட்டு அடாப்டரைக் கழற்றுங்கள், திரும்ப யார் கைக்கும் போகாதபடி அப்புறப்படுத்துங்கள். விளக்கில் சிக்கனம் பார்க்கலாம், அடாப்டரில் பார்க்காதீர்கள்.

உள்ளே பேட்டரி உள்ள விளக்கில் சார்ஜ் தங்கவில்லை, அல்லது ஏறவே இல்லை

முதலில் எதிர்பார்ப்பைச் சரிபார்ப்போம். 1,200 மில்லிஆம்பியர் மணி பேட்டரி என்றால் 4.4 வாட் மணி. 2 வாட் வெளிச்சத்தில் இரண்டு மணி நேரம் எரிந்தால் அது நல்ல விளக்கு. பெட்டியில் போட்டிருக்கும் பெரிய மணிக்கணக்கு வெளிச்சத்தை ஆகக் குறைவாக வைத்தால் வருவது. வாங்கியபோது எவ்வளவு நேரம் எரிந்தது என்று ஒருமுறை அளந்து விளக்கின் அடியில் தாள் ஒட்டி எழுதி வையுங்கள். பின்னால் பாதியாகக் குறைந்தால் பேட்டரிக்கு வயதாகிவிட்டது என்று சந்தேகமில்லாமல் சொல்லலாம்.

மாதக்கணக்கில் அலமாரியில் கிடந்த விளக்கு சார்ஜ் ஏற மறுக்கிறதா? லித்தியம் பேட்டரி அளவுக்கு மீறி இறங்கினால் அதன் பாதுகாப்புப் பலகை வாசலைச் சாத்திவிடும். பொறுமையாகச் சாதாரண 5 வோல்ட் அடாப்டரில், நீங்கள் பக்கத்திலேயே இருக்கும்போது, ஒரு மணி நேரம் செருகி வையுங்கள். பல விளக்குகள் இப்படி எழுந்துகொள்ளும். எழாவிட்டால் பேட்டரியை வேறு வழியில் கட்டாயப்படுத்தி உயிர்ப்பிக்க முயல வேண்டாம். ஆழமாக இறங்கிய செல்லுக்குள் ஏற்படும் சேதம் வெளியே தெரியாது. எடுத்து வைக்கும் விளக்கைப் பாதி சார்ஜில் வைத்து, இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஏற்றினால் இந்த நிலையே வராது.

செருகி வைத்து எரியவிட்டும் சார்ஜ் குறைகிறது என்றால் கணக்குதான் காரணம். உள்ளே வருவது 500 மில்லிஆம்பியர், எல்இடி குடிப்பது அதைவிட அதிகம். வெளிச்சத்தைக் குறைத்தால் ஏற ஆரம்பிக்கும். சில விளக்குகள் சார்ஜ் ஏறும்போது எரியாதபடியே செய்யப்பட்டவை. மேசையில் நிரந்தரமாக வைக்க நினைத்தால் இதை வாங்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள்.

வாங்கும்போது நான் திருப்பிப் பார்ப்பது அடிப்பக்கத்தைத்தான். திருகாணி போட்டு மூடியிருக்கிறதா, உள்ளே 18650 போன்ற பொது அளவு பேட்டரியா? அப்படியென்றால் சில வருடம் கழித்துப் பேட்டரியை மட்டும் மாற்றலாம். பசை போட்டு ஒட்டிய விளக்கின் ஆயுள் அதன் பேட்டரியின் ஆயுள்தான். அப்புறம் லூமன் எண், அதாவது வெளிச்சத்தின் அளவு. 5 வோல்ட், 1 ஆம்பியர் என்றால் 5 வாட். ஒரு வாட்டுக்கு 80 முதல் 100 லூமன் என்று வைத்தால் 400, 500 தேறும். அதே விளக்கில் 2,000 லூமன் என்று எழுதியிருந்தால் பெட்டியில் உள்ள மற்ற எண்களையும் நம்பாதீர்கள்.

கண் உறுத்துகிறது, தலை வலிக்கிறது

கைபேசிக் கேமராவை மெதுவியக்கத்தில் வைத்து விளக்கைப் படமெடுங்கள். வெளிச்சம் துடித்தாலோ கருப்புப் பட்டைகள் ஓடினாலோ விளக்கு வேகமாக அணைந்து அணைந்து எரிகிறது. மங்கலாக்குவதற்கு மலிவான வழி அது. பல விளக்குகளில் முழு வெளிச்சத்தில் இந்தத் துடிப்பு இருக்காது. அதனால் முழுசாக ஏற்றி, தலையைச் சுவர் பக்கம் திருப்பி, பட்டுத் திரும்பும் வெளிச்சத்தில் படியுங்கள். தூங்கப்போகும் நேரத்துக்கு 2,700 கெல்வின் (வெளிச்சம் மஞ்சளா வெள்ளையா என்று சொல்லும் அளவு) மஞ்சள், படிக்க 4,000 சுற்றி இருந்தால் இதமாக இருக்கும். தையல், ஓவியம் என்றால் நிறங்களை உள்ளபடி காட்டும் எண் 90க்கு மேல் உள்ளதாகப் பாருங்கள்.

வாசனை, சூடு, உப்பல்

கை வைக்க முடியாத சூடு, பிளாஸ்டிக் கருகும் வாசனை, மூடி தானாக விலகி இடைவெளி தெரிவது, தட்டையான மேசையில் வைத்தால் விளக்கு ஆடுவது: இவற்றில் எது வந்தாலும் இனி சோதனை இல்லை. உப்பிய பேட்டரி முன்பு சமமாக இருந்த அடிப்பாகத்தைத் தள்ளுவதால்தான் விளக்கு ஆடுகிறது. சார்ஜரைக் கழற்றுங்கள். உப்பலை அமுக்கவோ குத்தவோ கூடாது, மூடியைத் திருகி மறுபடி இறுக்கவும் கூடாது. தீப்பிடிக்கும் பொருள் எதுவும் பக்கத்தில் இல்லாத தரையில், முடிந்தால் வீட்டுக்கு வெளியே வெயில் படாத இடத்தில் வையுங்கள். குப்பைத் தொட்டியில் போட்டால் குப்பை வண்டிக்குள் நசுங்கித் தீப்பிடிக்கலாம். வெளியே தெரியும் பேட்டரி முனைகள் மேல் டேப் ஒட்டி, மின்கழிவு வாங்கும் இடத்தில், உப்பிய பேட்டரி என்று வாயால் சொல்லிக் கொடுங்கள்.